ஒரே சட்டையில் இரண்டு ஆட்டக்காரர்கள்

1974இல் மேற்கு ஜெர்மனியில் நடந்த உலகக் கோப்பைக் கால்பந்துப் போட்டியில் ஓர் ஆட்டத்தில்கூடத் தோற்காத ஒரே அணி, முதல் சுற்றோடு வெளியேறிய ஸ்காட்லாந்து. கோப்பையை வென்ற மேற்கு ஜெர்மனிகூடத் தொடக்கச் சுற்றில் கிழக்கு ஜெர்மனியிடம் தோற்றிருந்தது. ஸ்காட்லாந்து சயீரை 2-0 என வென்றது. பிரேசிலுடன் கோலின்றிச் சமன், யூகோஸ்லாவியாவுடன் 1-1. மூன்று ஆட்டங்களில் வாங்கிய கோல் ஒன்றே ஒன்று. மூன்று அணிகளும் சம புள்ளிகளோடு நின்றபோது, நோஞ்சான் சயீரை யார் எவ்வளவு அடித்தார்கள் என்பதே கணக்கைத் தீர்த்தது. யூகோஸ்லாவியா 9 கோல் போட்டிருந்தது, பிரேசில் 3, ஸ்காட்லாந்து 2. ஒரு கோல் வித்தியாசத்தில் பிரேசில் மேலே போனது.

அந்த அணியின் லெஃப்ட் பேக் டேனி மக்ரெய்ன். வயது 24. இயல்பில் வலது காலால் ஆடுகிறவர், தன் கிளப்பில் ரைட் பேக். தேசிய அணியில் அந்த இடத்தை ரேஞ்சர்ஸ் கிளப்பின் சாண்டி ஜார்டின் பிடித்திருந்ததால் இடது பக்கத்துக்கு மாற்றப்பட்டார். மூன்று ஆட்டங்களையும் முழுக்க ஆடினார். போட்டியின்போதே அவருக்கு ஓயாத தாகம், எடை இறங்கிக்கொண்டிருந்தது. ஊர் திரும்பிய பிறகு மருத்துவர்கள் பரிசோதித்துச் சொன்னார்கள்: சர்க்கரை நோய், இனி ஆயுள் முழுக்க இன்சுலின் ஊசி.

தடுப்பாட்டக்காரர் ஒருவரின் வாழ்வை ஆராயப் புகுபவருக்கு இந்தப் போட்டியே ஒரு பாடம். முன்கள ஆட்டக்காரரைப் பற்றி எழுத வேண்டுமென்றால் கோல் பட்டியல் கையில் இருக்கிறது. தேதி, நிமிடம், எந்தக் கால் என்பதுவரை கிடைக்கும். பின்கள ஆட்டக்காரரின் சிறந்த பொழுதுகள் எந்தப் பட்டியலிலும் ஏறுவதில்லை. வராமல் போன பந்துக்கும் திரும்பிப் போன விங்கருக்கும் யார் கணக்கு வைத்தார்கள்? மக்ரெய்ன் ஸ்காட்லாந்துக்காக 62 முறை ஆடினார். போட்ட கோல் பூஜ்யம். செல்டிக் கிளப்புக்காக 1970 முதல் 1987 வரை 650க்கும் மேற்பட்ட ஆட்டங்கள். அவற்றில் அடித்த கோல்களை இரு கைவிரல்களில் எண்ணிவிடலாம். ஆனாலும் எழுபதுகளில் உலகின் தலைசிறந்த ஃபுல்-பேக்குகளில் ஒருவர் என்று அவரைச் சொன்னவர்கள் ஸ்காட்லாந்துக்காரர்கள் மட்டுமல்ல. அந்தப் புகழுக்கான ஆதாரத்தை வேறு இடங்களில்தான் தேட வேண்டும். யார் அவரைத் தவறவிட்டார்கள், அவர் இல்லாதபோது என்ன நடந்தது, உடல் ஒவ்வொரு முறை விழுந்தபின்னும் ஆட்டத்தை எப்படி மாற்றிக்கொண்டார் என்று பார்க்க வேண்டும். இப்படித் தேடிப் போனால் ஒரே பெயரில் இரண்டு ஆட்டக்காரர்கள் கிடைக்கிறார்கள். 1977 அக்டோபருக்கு முன் ஆடியவர் ஒருவர், 1979க்குப் பின் ஆடியவர் இன்னொருவர். புகழ் முதலாமவருக்குப் போனது. என் கணிப்பு வேறு.

முதலில் பெயர். டேனியல் ஃபெர்கஸ் மக்ரெய்ன் 1950 மே 1ஆம் தேதி கிளாஸ்கோவின் ஃபின்னிஸ்டன் பகுதியில் பிறந்தார், வளர்ந்தது டிரம்சேப்பலில். நகர மையத்தின் நெரிசல் குடியிருப்புகளிலிருந்து மக்களை வெளியேற்றுவதற்காகப் போருக்குப் பின் நகரின் ஓரங்களில் கட்டப்பட்ட பெரிய காலனிகளில் ஒன்று அது. வீடுகள் வந்தன, கடை, சினிமா, விளையாட்டுத் திடல் எல்லாம் மெல்ல வந்தன அல்லது வரவே இல்லை. பையன்கள் கிடைத்த வெளியில் பந்து உதைத்தார்கள். டேனியின் குடும்பம் புராட்டஸ்டண்ட். அவனுக்குப் பிடித்த அணி ரேஞ்சர்ஸ்.

கிளாஸ்கோவின் இந்தக் கணக்கைச் சற்று விளக்கியாக வேண்டும். 1872இல் தொடங்கிய ரேஞ்சர்ஸ் புராட்டஸ்டண்ட்களின் அணியாக உருவெடுத்தது. 1887இல் ஐரிஷ் கத்தோலிக்க ஏழைக் குழந்தைகளின் சாப்பாட்டுக்குப் பணம் திரட்ட, பிரதர் வால்ஃப்ரிட் என்ற துறவியின் முயற்சியில் பிறந்தது செல்டிக். இரு அணிகளின் போட்டியில் மதம், புலம்பெயர்வு, வேலைவாய்ப்பு, அயர்லாந்து அரசியல் எல்லாம் கலந்தன. ஆனால் இரண்டையும் ஒரே தராசில் வைத்துவிடக் கூடாது. செல்டிக் எக்காலத்திலும் புராட்டஸ்டண்ட் ஆட்டக்காரர்களைச் சேர்த்துக்கொண்டது. ரேஞ்சர்ஸோ இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியில் கத்தோலிக்கர்களைச் சேர்ப்பதில்லை என்ற எழுதப்படாத விதியைப் பின்பற்றியது.

பள்ளி அணியில் கலக்கிக்கொண்டிருந்த பையனை ரேஞ்சர்ஸின் ஆள் தேடும் முகவர் ஒருவர் கவனித்தார் என்றும், பெயர் டேனியல் மக்ரெய்ன் என்று கேட்டதும் கத்தோலிக்கப் பையன் என முடிவுகட்டி நோட்டை மூடிவிட்டார் என்றும் ஒரு கதை கிளாஸ்கோவில் நெடுங்காலமாகச் சொல்லப்படுகிறது. ஸ்காட்டிஷ் கால்பந்தில் இது பலமுறை அச்சேறிய கதை. சொல்லச் சொல்லக் கொஞ்சம் மெருகு ஏறியிருக்கலாம். ஆனால் அந்த நகரில் அது நடந்திருக்க முடியும் என்பதில் யாருக்கும் ஐயம் இல்லை. பெயரையும் படித்த பள்ளியையும் கேட்டு மதத்தைக் கண்டுபிடிப்பது அங்கே வேலைக்கு ஆள் எடுப்பவர்கள்கூடச் செய்த காரியம்தான். ரேஞ்சர்ஸ் தவறவிட்டதை செல்டிக்கின் துணை மேலாளர் ஷான் ஃபாலன் பிடித்துக்கொண்டார். 1967 மே மாதம் மக்ரெய்ன் செல்டிக்கில் கையெழுத்திட்டார். அதே மாதம் 25ஆம் தேதி லிஸ்பனில் இன்டர் மிலானை 2-1 என வென்று, ஐரோப்பியக் கோப்பையைக் கைப்பற்றிய முதல் பிரிட்டிஷ் அணியானது செல்டிக்.

செல்டிக்கின் மேலாளர் ஜாக் ஸ்டீனும் புராட்டஸ்டண்ட்தான்; சுரங்கத் தொழிலாளியாக இருந்து கால்பந்துக்கு வந்தவர். கத்தோலிக்கப் பையன் ஒருவன், புராட்டஸ்டண்ட் பையன் ஒருவன் என இருவர் சம திறமையோடு வந்தால் புராட்டஸ்டண்டையே முதலில் எடுப்பேன், மற்றவனை ரேஞ்சர்ஸ் எப்படியும் எடுக்காது என்று அவர் சொன்னதாக ஒரு பேச்சு உண்டு. வேடிக்கையாகச் சொன்னாலும் அதில் சந்தை அறிவு இருக்கிறது. மக்ரெய்னைப் போலவே ரேஞ்சர்ஸ் ரசிகனாக வளர்ந்த இன்னொரு புராட்டஸ்டண்ட் பையனும் அந்த ஆண்டே செல்டிக்குக்கு வந்தான். அவன் பெயர் கென்னி டால்கிளிஷ்.

ஐரோப்பாவை வென்ற அணியில் பதினேழு வயதுப் பையனுக்கு இடம் கிடைக்குமா? செல்டிக்கின் இரண்டாம் அணியில் அப்போது சேர்ந்திருந்த இளைஞர் கூட்டத்தைப் பத்திரிகைகள் ‘குவாலிட்டி ஸ்ட்ரீட் கேங்’ என்று அழைத்தன. டால்கிளிஷ், லூ மக்காரி, டேவிட் ஹே, ஜார்ஜ் கானலி, மக்ரெய்ன் ஆகியோரோடு பெங்களூரில் பிறந்த பால் வில்சனும் அதில் இருந்தார். வில்சன் பின்னாளில் ஸ்காட்லாந்து அணிக்கு ஒருமுறை ஆடினார். 1975 ஸ்காட்டிஷ் கோப்பை இறுதியாட்டத்தில், தாயை இழந்த சில நாட்களுக்குள், இரண்டு கோல் போட்டார். அவரைப் பற்றித் தனியாகவே எழுதலாம்.

மக்ரெய்ன் வந்தபோது நடுக்கள ஆட்டக்காரர். அவரைப் பின்களத்துக்கு நகர்த்தியவர் ஸ்டீன். இதைத் தரம் இறக்கியதாக எண்ணிவிடக் கூடாது. ஸ்டீனின் ஆட்டத்தில் ஃபுல்-பேக்தான் எதிரணி எதிர்பாராத கூடுதல் விங்கர். லிஸ்பன் இறுதியாட்டத்தில் இன்டரின் புகழ்பெற்ற தடுப்பாட்டப் பூட்டை உடைத்த முதல் கோலைப் பாருங்கள்: ரைட் பேக் ஜிம் கிரெய்க் முன்னேறிப் போய்ப் பந்தைப் பக்கவாட்டில் தள்ளுகிறார், லெஃப்ட் பேக் டாமி ஜெம்மல் பெனால்டி எல்லைக்கு வெளியிலிருந்து உதைக்கிறார். ஒரு ஃபுல்-பேக் கொடுக்க, இன்னொரு ஃபுல்-பேக் அடித்த கோல் அது. அந்தப் பள்ளியில்தான் மக்ரெய்ன் பாடம் படித்தார். நடுக்களத்தில் பழகிய கால் என்பதால் நெருக்கடியிலும் பந்தைக் கண்டபடி உதைத்து வெளியேற்றமாட்டார். தூக்கி அடிக்க வேண்டிய இடத்தில் தட்டி நிறுத்திப் பாஸ் கொடுப்பார். தடுப்பவராக இருந்துகொண்டே தன் அணியின் தாக்குதலைத் தொடங்கிவைப்பது அவருடைய பாணியாயிற்று.

1970 ஆகஸ்டில் டண்டீ யுனைடெட்டுக்கு எதிராக முதல் அணியில் அறிமுகம். இடம் நிலைக்கத் தொடங்கிய நேரத்தில், 1972 மார்ச்சில் ஃபால்கர்க்குடன் நடந்த ஆட்டத்தில் எதிரணி ஆட்டக்காரருடன் தலை மோதி மண்டை ஓட்டில் முறிவு. அந்தப் பருவம் அதோடு முடிந்தது. தலையால் பந்தை முட்டுவது அன்றாட வேலையாக உள்ள ஒருவருக்கு இதன் பொருளைச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அடுத்த பருவத்தில் செல்டிக்கின் நிலையான ரைட் பேக் அவர்தான். 1973 மே மாதம் வேல்ஸுக்கு எதிராக ஸ்காட்லாந்துக்கு முதல் ஆட்டம். அதன்பின் ஓராண்டில் மேற்கு ஜெர்மனி, தாகம், ஊசி.

அவருக்கு வந்தது வயதானவர்களிடம் பரவலாகக் காணும் இரண்டாம் வகை சர்க்கரை நோய் அல்ல. கணையம் இன்சுலின் சுரப்பதையே நிறுத்திவிடும் முதல் வகை. மாத்திரையோ பத்தியமோ இதற்குப் போதாது. ஊசி இல்லாமல் உயிர் வாழ முடியாது. தொண்ணூறுகளில் வாசிம் அக்ரம் இதே நோயோடு வேகப்பந்து வீசியது கிரிக்கெட் வாசகர்களுக்கு நினைவிருக்கும். அக்ரமுக்கு நோய் வந்தபோது விரல் நுனியில் குத்தி ஒரு நிமிடத்தில் சர்க்கரை அளவைச் சொல்லும் கருவி சாதாரணமாகக் கிடைத்தது. 1974இல் அப்படியில்லை. வீட்டில் சிறுநீரைச் சோதித்து நிறம் பார்த்துக் குத்துமதிப்பாக அறிவதே வழக்கம். அதுவும் சில மணி நேரத்துக்கு முந்தைய நிலவரத்தைத்தான் காட்டும். கிடைத்த இன்சுலின் பன்றி, மாடு ஆகியவற்றின் கணையத்திலிருந்து பிரித்தெடுத்தது. ஆய்வகத்தில் உருவாக்கிய மனித இன்சுலின் விற்பனைக்கு வந்தது எண்பதுகளில்.

விளையாட்டுக்காரருக்கு இதில் இன்னொரு சிக்கல். ஓடும்போது தசைகள் ரத்தத்திலுள்ள சர்க்கரையை வேகமாக உறிஞ்சுகின்றன. போட்ட ஊசியும் சேர்ந்து வேலை செய்தால் சர்க்கரை சரிந்து கை நடுங்கும், பார்வை மங்கும், முடிவெடுக்கும் திறன் குழம்பும். தொண்ணூறு நிமிடமும் எதிராளியின் தோள் அசைவைப் படித்துக்கொண்டிருக்க வேண்டிய பின்கள ஆட்டக்காரருக்கு ஒரு நொடிக் குழப்பமே கோலாகிவிடும். சரிவுக்குப் பயந்து அளவுக்கு மேல் இனிப்பைத் தின்றாலோ உடல் கனத்துப்போகும். இந்த இரு பக்கப் பள்ளத்துக்கும் நடுவே, அளவுகோல் சரியில்லாத காலத்தில், வாரத்துக்கு இரண்டு ஆட்டம் என்று மக்ரெய்ன் பதின்மூன்று ஆண்டுகள் ஆடினார். முக்கியமான செய்தி என்னவென்றால், அவருடைய மிகச் சிறந்த ஆட்டம் நோய்க்கு முன்பு வரவில்லை. நோய்க்குப் பின்புதான் வந்தது.

1976 மே மாதம் ஹேம்ப்டன் பார்க்கில் இங்கிலாந்தை ஸ்காட்லாந்து 2-1 என வென்ற ஆட்டத்திலும் அவர் ஆடினார்; பின்களத்தாரின் பொழுதுகள் பட்டியலில் ஏறுவதில்லை என்பதற்கு அது ஒரு நல்ல சான்று. அந்த ஆட்டம் என்றாலே எல்லோருக்கும் நினைவு வருவது, டால்கிளிஷ் உருட்டிய பந்து இங்கிலாந்து கோல்கீப்பர் ரே கிளெமன்ஸின் கால்களுக்கிடையே நுழைந்து போனதுதான். கடைசி நிமிடங்களில் மிக் சானன் சமன் செய்யும் நிலையில் பெனால்டி எல்லைக்குள் பாய்ந்தபோது, மக்ரெய்னோடு பின்களத்தில் ஆடிய டாம் ஃபோர்சித் ஓடிவந்து, ஆளைத் தொடாமல் பந்தை மட்டும் கவர்ந்தார். அங்கு ஓர் அங்குலம் பிசகினால் பெனால்டி. ஸ்காட்லாந்தில் மூத்த ரசிகர்கள் இரண்டையும் சேர்த்தே சொல்வார்கள். புள்ளிவிவரத்தில் முதலாவதுக்கு மட்டுமே இடம்.

இதற்கிடையில் இரண்டாம் அணியில் அவரோடு வளர்ந்தவர்கள் ஒவ்வொருவராகப் போய்விட்டார்கள். செல்டிக் நிர்வாகம் சம்பள விஷயத்தில் இறுக்கமான கை என்று பெயரெடுத்தது. இங்கிலாந்துக் கிளப்புகளோ பை நிறையப் பணத்தோடு வந்தன. மக்காரி 1973இல் மான்செஸ்டர் யுனைடெட்டுக்கும், ஹே 1974 உலகக் கோப்பை முடிந்த கையோடு செல்சிக்கும் போனார்கள். எல்லோரிலும் அதிகத் திறமைசாலி எனப் பலர் கருதிய கானலி, புகழின் சுமை தாங்காமல் ஆட்டத்தையே விட்டு ஒதுங்கினார். 1977 ஆகஸ்டில் டால்கிளிஷ் 4,40,000 பவுண்டுக்கு லிவர்பூல் சென்றார். மிஞ்சியது மக்ரெய்ன். செல்டிக்கின் கேப்டன் பொறுப்பு அவரிடம் வந்தது. அந்த ஆண்டுதான் ஸ்காட்லாந்தின் கால்பந்து எழுத்தாளர்கள் அவரை ஆண்டின் சிறந்த ஆட்டக்காரராகத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். லீக், கோப்பை இரண்டையும் செல்டிக் வென்றிருந்தது. வயது 27. தடுப்பாட்டக்காரருக்கு உச்சி வெயில் காலம்.

1977 அக்டோபர் 1ஆம் தேதி ஹிபர்னியனுடன் ஒரு லீக் ஆட்டம். சாதாரணமான ஒரு மோதலில் கணுக்கால் பகுதியில் அடி. சில வாரங்களில் சரியாகிவிடும் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். எலும்பு முறிவு என்றால் கட்டுப் போடலாம், நாள் குறிக்கலாம்; இது பிடிபடாத வலியாக நீண்டது. ஓராண்டுக்கும் மேலாக அவரால் முதல் அணியில் ஆட முடியவில்லை.

அவர் இல்லாத அந்த இடைவெளியே அவரைப் பற்றிய வலுவான சாட்சியம். கேப்டன் டால்கிளிஷும் அடுத்த கேப்டன் மக்ரெய்னும் சில வாரங்களுக்குள் இல்லாமல் போன செல்டிக், அந்தப் பருவத்தில் லீகில் ஐந்தாம் இடத்துக்குச் சரிந்தது. 1966 முதல் 1974 வரை தொடர்ந்து ஒன்பது முறை லீகை வென்ற கிளப் அது. பருவ முடிவில் ஸ்டீன் பதவி விலக, லிஸ்பனில் கோப்பையை ஏந்திய பில்லி மக்நீல் மேலாளரானார்.

ஸ்காட்லாந்து அணியின் கதை இன்னும் பிரசித்தம். 1978 அர்ஜென்டினா உலகக் கோப்பைக்கு மேலாளர் அல்லி மக்லவுட் தலைமையில் கோப்பையோடு வருவோம் என்ற ஆரவாரத்துடன் கிளம்பிய அணி, முதல் ஆட்டத்தில் பெருவிடம் 3-1 எனத் தோற்றது. பெருவின் விங்கர்கள் முன்யாந்தேயும் ஒப்லிதாஸும் ஸ்காட்லாந்தின் இரு பக்கங்களையும் கிழித்தார்கள். வலப்பக்கம் ஸ்டூவர்ட் கென்னடி. இடப்பக்கம், வழக்கமான லெஃப்ட் பேக் தடையில் இருந்ததால், உண்மையில் நடுப் பின்கள ஆட்டக்காரரான மார்ட்டின் பக்கன். அடுத்து ஈரானோடு 1-1. கடைசியில் நெதர்லாந்தை 3-2 என வென்றும் பயனில்லை. இம்முறையும் கோல் வித்தியாசம். மக்ரெய்ன் இருந்திருந்தால் ஸ்காட்லாந்து தப்பித்திருக்கும் என்று அங்கே பலர் எழுதியிருக்கிறார்கள். இரு பக்கத்திலும் ஆடத் தெரிந்தவர் அவர் என்ற அளவில் அதை ஏற்கலாம். ஆனால் பெருவுடனான ஆட்டத்தில் அவர்களின் குபில்லாஸுக்கு நடுக்களத்தில் கிடைத்த சுதந்திரத்தை எந்த ஃபுல்-பேக்கும் அடைத்திருக்க முடியாது. இல்லாத ஆளின் மீது ஒரு நாட்டின் தோல்வியை முழுக்க ஏற்றி வைப்பது ரசிகர்களின் ஆறுதல்.

1979இன் தொடக்கத்தில் மக்ரெய்ன் திரும்பினார். திரும்பியவர் வேறு ஆள். முன்பு பக்கக் கோட்டை ஒட்டி மேலே ஓடி, கிராஸ் அடித்து, எதிரணி திரும்பத் தாக்குவதற்குள் தன் இடத்துக்கு ஓடி வந்துவிடுவார். அந்த ஓட்டத்தின் கூர்மை போய்விட்டது. வேகத்தை நம்பி வாழ்ந்த ஃபுல்-பேக்குகள் பலர் முப்பதை எட்டும் முன்பே காணாமல் போவது இப்படித்தான். மக்ரெய்ன் தன் ஆட்டத்தைப் பிரித்துப்போட்டு மறுபடி கோத்தார். விங்கரை விரட்டிப் பிடிப்பதற்குப் பதிலாக, அவன் போக வேண்டிய வழியை முன்கூட்டியே அடைத்தார். மேலே ஓடுவதைக் குறைத்து, எப்போது ஓட வேண்டும் என்பதைத் தேர்ந்தெடுத்தார். நடுக்களப் பையனாக இருந்தபோது கற்ற பாஸ் இப்போது முழுக்கக் கைகொடுத்தது. முகத்தில் அடர்ந்த தாடியும் சேர, இருபத்தெட்டு வயதிலேயே மூத்தவரின் தோற்றம் வந்துவிட்டது.

திரும்பிவந்த பருவத்தின் முடிவில், மே 21ஆம் தேதி, லீக் யாருக்கு என்பது செல்டிக் பார்க்கில் ரேஞ்சர்ஸுடன் நடந்த ஆட்டத்தில் தீர்மானமாக இருந்தது. செல்டிக் வென்றே ஆக வேண்டும். ரேஞ்சர்ஸ் 1-0 என முன்னிலையில் இருக்கும்போது செல்டிக்கின் ஜானி டாயிலை நடுவர் வெளியேற்றினார். பத்துப் பேராக நின்ற அணி 2-1 என முந்தியது, 2-2 ஆனது, பின் 4-2 என முடித்தது. கடைசி நிமிடத்தில் மர்டோ மக்லவுட் தொலைவிலிருந்து அடித்த பந்தோடு லீக் உறுதியானது. தொலைக்காட்சி ஊழியர்களின் வேலைநிறுத்தத்தால் இந்த ஆட்டம் ஒளிபரப்பாகவில்லை. செல்டிக் வரலாற்றின் மிகப் புகழ்பெற்ற லீக் ஆட்டங்களில் ஒன்றுக்கு ஒழுங்கான ஒளிப்பதிவு கிடையாது. கேப்டனாக மக்ரெய்ன் அன்று என்ன செய்தார் என்பதை நேரில் பார்த்தவர்கள் சொல்லித்தான் அறிய வேண்டியிருக்கிறது.

1980 மே மாதம் ஸ்காட்டிஷ் கோப்பை இறுதியிலும் அதே இரு அணிகள். செல்டிக்கின் வழக்கமான நடுப் பின்களத்தார் இருவரும் தடையில் இருந்தார்கள். கூடுதல் நேரத்தில் மக்ரெய்ன் தொலைவிலிருந்து உதைத்த பந்து கோலுக்குப் போகும் வழியில் ஜார்ஜ் மக்ளஸ்கி காலை நீட்டித் திருப்பிவிட, 1-0. கோல் மக்ளஸ்கியின் பெயரில் பதிவானது. ஆட்டம் முடிந்ததும் இரு தரப்பு ரசிகர்களும் மைதானத்துக்குள் இறங்கிப் பாட்டிலும் கல்லுமாக மோத, குதிரைப் போலீஸ் களம் இறங்க வேண்டியதாயிற்று. அந்தக் கலவரத்தின் விளைவாக வந்த சட்டமே ஸ்காட்லாந்து மைதானங்களில் மதுவைத் தடை செய்தது.

1981, 1982 ஆகிய இரு ஆண்டுகளிலும் செல்டிக் லீகை வென்றது. ஸ்காட்லாந்துக்கும் அவர் திரும்பியிருந்தார். தேசிய அணியின் மேலாளர் இப்போது அவருடைய பழைய குரு ஸ்டீன். 1982 ஸ்பெயின் உலகக் கோப்பைக்கு அவரே கேப்டன். மலகாவில் நியூசிலாந்தை 5-2 என வென்றார்கள். ஆனால் புதிய அணியிடம் வாங்கிய அந்த இரண்டு கோல் ஸ்டீனுக்குப் பிடிக்கவில்லை. பிரேசிலுக்கு எதிரான அடுத்த ஆட்டத்தில் மக்ரெய்னை உட்காரவைத்துவிட்டு டேவிட் நேரியை இறக்கினார். குருவாக இருந்தவர் எடுத்த முடிவு என்பதால் அது எளிதாக இருந்திருக்காது, இருவருக்கும். நேரி பிரேசிலுக்கு எதிராக அற்புதமான முதல் கோலைப் போட்டார். அதைக் கால்விரல் முட்டல் என்று இங்கிலாந்து வர்ணனையாளர் ஜிம்மி ஹில் சொன்னதை ஸ்காட்லாந்து இன்றுவரை மன்னிக்கவில்லை. பிறகு பிரேசில் விழித்துக்கொண்டு 4-1 என முடித்தது. சோவியத் யூனியனுடனான கடைசி ஆட்டம் 2-2. மக்ரெய்ன் மாற்று ஆளாக இறங்கினார். அதுவே ஸ்காட்லாந்துக்கு அவர் ஆடிய கடைசி ஆட்டம். மீண்டும் கோல் வித்தியாசத்தில் வெளியேற்றம், தொடர்ந்து மூன்றாவது உலகக் கோப்பையில். கணக்குப் போட்டுப் பார்த்தால் நியூசிலாந்திடம் வாங்கிய அந்த இரண்டு கோல் இல்லாவிட்டால் வித்தியாசம் சமமாகி, அதிக கோல் அடித்த அணி என்ற வகையில் ஸ்காட்லாந்து முன்னேறியிருக்கும். 1974இல் ஒரே கோல் வாங்கியும் முன்னால் அடிக்க ஆளில்லாமல் போனது. 1982இல் எட்டு கோல் அடித்தும் பின்களம் தாங்கவில்லை. இந்த இரண்டு அணிகளிலும் மக்ரெய்ன் இருந்தார். நியூசிலாந்து ஆட்டத்தில் பின்களம் தடுமாறியதில் கேப்டனுக்கும் பங்குண்டு. வேகம் குறைந்த ஆட்டக்காரரின் எல்லையும் அங்கே தெரிந்தது.

பெரும்பாலான வாழ்க்கைக் குறிப்புகள் இங்கேயே சுருங்கிவிடும். கிளப்பில் அவருக்கு இன்னும் ஐந்து ஆண்டுகள் பாக்கி இருந்தன. என் பார்வையில் 1986 மே 3ஆம் தேதி அவற்றின் உச்சம். லீகின் கடைசி நாள். ஹார்ட்ஸ் அணிக்கு டண்டீயுடன் சமன் செய்தால் போதும். செல்டிக் அங்கே ஹார்ட்ஸ் தோற்பதற்காக வேண்டிக்கொண்டு, இங்கே பெய்ஸ்லி லவ் ஸ்ட்ரீட் மைதானத்தில் செயின்ட் மிரனை நிறைய கோல் வித்தியாசத்தில் வெல்ல வேண்டும். செல்டிக் 5-0. டண்டீயில் ஹார்ட்ஸ் கடைசிச் சில நிமிடங்களில் 2-0 எனத் தோற்றது. கோல் வித்தியாசம், இந்த முறை மக்ரெய்ன் பக்கம் நின்றது.

அன்றைய மூன்றாவது கோல் செல்டிக் ரசிகர்கள் மனப்பாடமாகச் சொல்லும் கோல். தன் பெனால்டி எல்லைக்கு அருகே, ரைட் பேக் இடத்தில், எதிராளிகள் நெருக்கிவர, முப்பத்தாறு வயது முடிந்து இரண்டு நாளான மக்ரெய்ன் பந்தை வெளியே உதைக்காமல் தட்டிக் கொடுத்து வாங்கி வெளியேறுகிறார். அங்கிருந்து மர்டோ மக்லவுட், பால் மக்ஸ்டே, ராய் எய்ட்கன், பிரையன் மக்ளேர் என்று தொட்டுத் தொட்டு மைதானத்தின் மறுகோடிக்குப் போன பந்தை மோ ஜான்ஸ்டன் வலைக்குள் தள்ளுகிறார். கோல் ஜான்ஸ்டனுக்கு, கடைசிப் பாஸ் மக்ளேருக்கு. தொடங்கிவைத்தவருக்குப் பதிவேட்டில் ஒன்றும் இல்லை. இதே ஜான்ஸ்டன் மூன்றாண்டு கழித்து, 1989இல், ரேஞ்சர்ஸில் கையெழுத்திட்டு நகரையே அதிரவைத்தார். நவீன காலத்தில் அந்தக் கிளப் வெளிப்படையாகச் சேர்த்த முதல் பெயர்பெற்ற கத்தோலிக்க ஆட்டக்காரர் அவர். கத்தோலிக்கர் என்று தப்பாக எண்ணி ரேஞ்சர்ஸ் கைவிட்டதாகச் சொல்லப்படும் ஒருவர் தொடங்கி, கத்தோலிக்கர் என்று தெரிந்தே பின்னால் ரேஞ்சர்ஸ் எடுத்துக்கொண்ட ஒருவர் முடித்த கோல் அது. கிளாஸ்கோவின் வரலாற்றை ஒரே தாக்குதலில் பார்க்க விரும்புபவர்கள் அந்த ஒளிப்பதிவைப் பார்க்கலாம்.

1987இல் செல்டிக் அவரை விடுவித்தது. ஹாமில்டன் அக்கடமிகலில் ஒரு பருவம் ஆடி, அந்தச் சிறிய கிளப் முதல் டிவிஷனை வென்று மேலேறக் கைகொடுத்தார். 1992 முதல் இரண்டாண்டு ஆர்ப்ரோத் அணியின் மேலாளர். வெற்றிகள் அதிகமில்லை, ஆனால் ரசிகர்கள் தங்களை ‘டேனி மக்ரெய்னின் தாடிப் படை’ என்று சொல்லிக்கொண்டு ஒட்டுத்தாடியோடு மைதானத்துக்கு வந்தார்கள். தொண்ணூறுகளின் பிற்பகுதியில் பயிற்சியாளராகச் செல்டிக்குக்குத் திரும்பி, இளம் ஆட்டக்காரர்களோடு பல ஆண்டுகள் வேலை செய்தார். 2004இல் ஸ்காட்டிஷ் கால்பந்தின் புகழ் மண்டபம் திறந்தபோது முதல் தொகுதியிலேயே அவர் பெயர் இருந்தது.

அந்த மண்டபமும் பத்திரிகைகளும் நினைவில் வைத்திருப்பது பெரும்பாலும் 1977க்கு முந்தைய மக்ரெய்னை: பக்கக் கோட்டில் பாயும் இளைஞரை, டால்கிளிஷின் கூட்டாளியை. அவர் சிறந்தவர்தான், அவரைப் போன்ற இன்னும் சிலர் அக்கால ஐரோப்பாவில் இருந்தார்கள். ஆனால் உடைந்த மண்டை ஓடு, தினசரி ஊசி, ஓராண்டுக்கு மேல் முடங்கிய கால் ஆகியவற்றுக்குப் பிறகு, வேகமில்லாமல், இன்னும் எட்டுப் பருவங்களுக்கு மேல் அதே பெரிய கிளப்பில் அதே இடத்தில் நிலைத்து நான்கு லீக் பட்டங்களை வென்ற இன்னொரு ஃபுல்-பேக்கை அந்தத் தலைமுறையில் நான் காணவில்லை. இருவரில் ஒருவரைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால் நான் எடுப்பது இரண்டாவது மக்ரெய்னைத்தான்.